மண் அள்ள அனுமதி, லாரிக்குப் போலீஸ்: பாதுகாப்பு ஆணை எதைக் காக்கிறது?

பட்டா உங்கள் பெயரில் இருக்கிறது. கனிமவளத் துறை அனுமதி கொடுத்துவிட்டது. எடுக்கும் மண்ணுக்கு அரசுக்குக் கட்டும் சீனியரேஜ் தொகை முன்கூட்டியே கட்டியாயிற்று, மண்ணை வண்டியில் கொண்டுபோவதற்கான நடைச்சீட்டும் கையில் இருக்கிறது. பொக்லைன் இறங்கிய முதல் நாளே ஊர்க்காரர்கள் பாதையின் குறுக்கே உட்கார்ந்துவிடுகிறார்கள். ஏற்றிய டிப்பர் ஏற்றியபடி நிற்கிறது. காவல் நிலையத்துக்குப் போனால், "ஊரைப் பகைத்துக்கொண்டு என்ன செய்யப்போகிறீர்கள், பேசித் தீர்த்துக்கொள்ளுங்கள்" என்கிறார் ஆய்வாளர். அடுத்த வாரம் போலீஸ் பாதுகாப்பு கேட்டு உயர் நீதிமன்றத்தில் ஒரு ரிட் மனு விழுகிறது.

தமிழ்நாட்டிலும் அதைவிட அதிகமாகக் கேரளத்திலும் இது வாடிக்கையாகிவிட்ட காட்சி. கேரள உயர் நீதிமன்றத்தில் போலீஸ் பாதுகாப்பு கேட்கும் மனுக்கள் தனி வகையாகவே பட்டியலிடப்படுகின்றன. மறுநாள் நாளிதழில் "மண் அள்ளப் போலீஸ் பாதுகாப்பு: ஐகோர்ட் உத்தரவு" என்று நான்கு வரிச் செய்தி வருகிறது. அதைப் படித்துவிட்டு ஊரில் பாதிப் பேர் நீதிமன்றமே மண் கொள்ளைக்குத் துணை போகிறது என்கிறார்கள். நிலத்துக்காரர், வழக்கை வென்றுவிட்டேன் என்கிறார். இரண்டு பேருமே ஆணையைச் சரியாகப் படிக்கவில்லை.

சொந்த நிலத்து மண்ணுக்கு ஏன் அனுமதி என்பதிலிருந்து தொடங்க வேண்டும். 1957ஆம் ஆண்டின் சுரங்கங்கள் மற்றும் கனிமங்கள் சட்டம், கட்டடக் கல், கிராவல், சாதாரணக் களிமண், சாதாரண மணல் ஆகியவற்றைச் சிறுகனிமம் என்று வகைப்படுத்தி, அவற்றுக்கு விதி வகுக்கும் அதிகாரத்தை 15ஆம் பிரிவின் கீழ் மாநிலங்களிடம் கொடுத்தது. வெறும் மண் அந்தப் பட்டியலில் முதலில் இல்லை. 2000 பிப்ரவரி 3 அன்று மத்திய அரசு வெளியிட்ட அறிவிக்கைதான், கரை, சாலை, ரயில் பாதை, கட்டடம் ஆகியவற்றுக்காக நிரப்பவும் சமன்படுத்தவும் பயன்படும் சாதாரண மண்ணையும் சிறுகனிமமாக்கியது. தமிழ்நாட்டில் 1959ஆம் ஆண்டின் சிறுகனிமச் சலுகை விதிகளும், கேரளத்தில் 2015ஆம் ஆண்டின் விதிகளும் இன்று இதை ஆள்கின்றன.

மண்ணின் உடைமை வேறு, அதை எடுக்கும் ஒழுங்கு வேறு. 2013இல் திரேசியம்மா ஜேக்கப் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு, சட்டப்படி பறிக்கப்படாதவரை நிலத்தடிக் கனிமமும் நிலத்தின் உரிமையாளருக்கே சொந்தம் என்றது. மலபாரின் ஜென்ம நிலங்களை, அதாவது பரம்பரையான முழு உரிமை நிலங்களைப் பற்றி வந்த வழக்கு அது. அடுத்த ஆண்டு, புனே கட்டுமான நிறுவனத்தாரின் வழக்கில், தோண்டிய மண் எல்லாமே சிறுகனிமம் ஆகிவிடாது, அது எதற்குப் பயன்படுகிறது என்பதைப் பார்க்க வேண்டும் என்று அதே நீதிமன்றம் சொன்னது. வீட்டின் அஸ்திவாரத்துக்குத் தோண்டுவதும், நெடுஞ்சாலைக்கு விற்கத் தோண்டுவதும் சட்டத்தின் கண்ணில் ஒன்றல்ல. மண் உங்களுடையதுதான், ஆனால் எவ்வளவு ஆழம், எத்தனை கன மீட்டர், எந்த நாள் வரை, எந்த வண்டியில், எங்கே என்பதெல்லாம் அரசு எழுதிக் கொடுப்பது. பாதுகாப்பு ஆணையைப் படிப்பதற்கான சாவி இந்த ஒழுங்கில்தான் இருக்கிறது.

அனுமதிக் காகிதத்தில் எழுதியிருக்கும் பெயரையே நம்ப முடியாத காலமும் ஒன்று இருந்தது, முழுதாகப் போய்விட்டது என்றும் சொல்ல மாட்டேன். தென் மாவட்டங்களில், சாதாரண மண்ணைக் குறிக்கும் "சவுடு" என்ற பெயரில் அனுமதி வாங்கி, மேலே இருக்கும் சில அடி மண்ணைத் தள்ளிவிட்டு அடியில் கிடக்கும் ஆற்று மணலை அள்ளிய வழக்குகள் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் குவிந்தன. 2021இல் உயர் நீதிமன்றம், சவுடு என்ற வழக்குச் சொல்லில் அனுமதி தரக்கூடாது, நிலத்தில் என்ன கனிமம் இருக்கிறது என்று ஆய்வகத்தில் பரிசோதித்த பிறகே தர வேண்டும் என்று ஆணையிட்டது. "அனுமதி இருக்கிறதல்லவா" என்று நிலத்துக்காரர் கேட்கும்போது ஊர்க்காரர் சிரிப்பதற்கு இப்படி ஒரு வரலாறு உண்டு.

நீதிமன்றம் எதைப் பார்க்கிறது?

பாதுகாப்பு கேட்டு வருபவர் நேரே உயர் நீதிமன்றப் படியேற முடியாது. முதலில் காவல் நிலையத்தில் புகார், அதற்கு மனு ரசீது. நடவடிக்கை இல்லையென்றால் மாவட்டக் கண்காணிப்பாளருக்கு மனு. அதன் பிறகே அரசியல் சட்டத்தின் 226ஆம் பிரிவின் கீழ், கடமையைச் செய்யும்படி காவல்துறைக்கு ஆணையிடக் கோரும் ரிட். எதிர்மனுதாரர்களாகக் காவல் அதிகாரிகளோடு, தடுப்பதாகச் சொல்லப்படும் ஊர்க்காரர்களையும் பெயர் சொல்லிச் சேர்க்க வேண்டும். அவர்களைச் சேர்க்காமல், அவர்கள் பேச்சைக் கேட்காமல் வாங்கும் ஆணை களத்தில் நிற்காது, மேல்முறையீட்டிலும் நிற்காது.

இந்த வகை மனுக்களுக்கு எல்லைக்கோடு போட்டது 2006இல் உச்ச நீதிமன்றம் தீர்த்த பி.ஆர். முரளிதரன் வழக்கு. கேரளத்து ஆசிரமம் ஒன்றைப் பற்றிய வழக்கு அது, மண்ணுக்கும் அதற்கும் தொடர்பில்லை. ஆனால் அதில் சொன்னது இங்கே அப்படியே பொருந்தும்: போலீஸ் பாதுகாப்பு கேட்கிறேன் என்ற போர்வையில் உரிமையியல் தகராறைத் தீர்த்துக்கொள்ள ரிட் மனுவைப் பயன்படுத்தக்கூடாது. உரிமை முன்பே தீர்ப்பால் நிலைநாட்டப்பட்டிருக்க வேண்டும், அல்லது எதிராளி மறுக்காததாக இருக்க வேண்டும்.

மண் வழக்குகளில் மனுதாரருக்குச் சாதகமாக இருப்பது இதுதான். அனுமதி என்பது சட்டப்படி அதிகாரி கொடுத்த ஆவணம். அது செல்லுபடியாகும் நிலையில் இருக்கிறது, யாரும் அதை ரத்து செய்யவில்லை, தடையாணை இல்லை என்றால் அதன் முகத்தைப் பார்த்தே நீதிபதி ஆணையிடலாம். அனுமதி கொடுத்தது சரியா தவறா என்ற விசாரணைக்குள் அவர் போவதில்லை. "அனுமதி தவறென்றால் உரிய அதிகாரியிடம் போய் ரத்து செய்யச் சொல்லுங்கள், சாலையில் உட்கார்ந்து அதை ரத்து செய்ய முடியாது" என்பதுதான் இந்த ஆணைகளின் சாரம். கூடவே பெரும்பாலும் இரண்டு வரிகள் வரும்: எதிர்மனுதாரர்கள் அமைதியாக எதிர்ப்புத் தெரிவிப்பதை இது தடுக்காது, மனுதாரர் அனுமதியின் நிபந்தனைகளுக்கு உட்பட்டே மண் எடுக்க வேண்டும். நாளிதழின் நான்கு வரியில் இந்த இரண்டுக்கும் இடம் கிடைப்பதில்லை.

அனுமதியின் முகத்தில் தெரியாத விஷயங்களில் நீதிமன்றம் கையைப் பின்னுக்கு இழுத்துக்கொள்ளும். அவற்றில் முதலாவது பாதை. நிலம் உங்களுடையது, ஆனால் தார்ச்சாலைக்குப் போகும் வண்டிப்பாதை யாருடையது? பழைய மாட்டுவண்டித் தடம் பக்கத்து வயல்காரரின் பட்டாவுக்குள் ஓடுகிறது என்றால், கனிமவளத் துறையின் அனுமதி அந்தத் தடத்தில் பத்துச் சக்கர லாரி ஓட்டும் உரிமையைத் தராது. எல்லைக்கல் தகராறும் இப்படித்தான். அவற்றுக்கு உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போய் உறுத்துக்கட்டளை வாங்க வேண்டும். அதையும் மீறினால், அந்தக் கட்டளையை நிறைவேற்றப் போலீஸ் உதவி கேட்கலாம். நேரமாகும்தான். அனுமதிக் காலம் சில மாதங்களே இருக்கும்போது உரிமையியல் வழக்கு என்றால் நிலத்துக்காரர் முகம் சுருங்குவதும் இதனால்தான்.

லாரியை மறிப்பவர்கள் யார்?

எல்லோரையும் ஒரே கூடையில் போடுவது இரு தரப்புக்கும் வசதி, உண்மைக்கு அல்ல. மறியலில் நிற்பவர்களில் ஒருவர், தன் தோட்டத்தின் வரப்பை ஒட்டிப் பள்ளம் வருவதைப் பார்த்துப் பதறி வந்தவராக இருப்பார். அவருடைய பதற்றத்துக்குச் சட்டத்திலேயே இடம் இருக்கிறது. 1882ஆம் ஆண்டின் இந்திய வசதியுரிமைச் சட்டத்தின் 7ஆம் பிரிவு, ஒருவரின் நிலம் இயற்கையான நிலையில் பக்கத்து நிலத்து மண்ணின் தாங்குதலைப் பெறும் உரிமையை உதாரணமாகவே எழுதி வைத்திருக்கிறது. அவர் வரப்பு சரிந்தால், அரசின் அனுமதியைக் காட்டி நீங்கள் தப்ப முடியாது. இன்னொருவர் கிணற்றைப் பற்றிக் கவலைப்படுகிறார். மற்றொருவர் பள்ளிக்கூடத் தெருவில் நாளெல்லாம் ஓடும் டிப்பரைப் பற்றி.

இவர்களோடு சேர்ந்து நிற்கும் வேறு சிலரும் உண்டு. லோடுக்கு இவ்வளவு என்று கேட்டுக் கிடைக்காதவர்கள், ஒப்பந்தம் கைநழுவிப்போன இன்னொரு மண் வியாபாரியின் ஆட்கள், கட்சிக் கரைவேட்டியோடு வந்து "ஊர் நன்மைக்கு" நன்கொடை கேட்பவர்கள். கேரளத்தில் வேலை செய்யாமலே கேட்கும் "நோக்குகூலி" ஒரு தனிக் கதை. 2018 மே 1 முதல் அரசு அதைத் தடை செய்தது. இப்படி மிரட்டிப் பணம் கேட்பதற்கு நீதிமன்ற ஆணை தேவையே இல்லை. பாரதிய நியாய சன்ஹிதாவின் 308ஆம் பிரிவில் மிரட்டிப் பணம் பறிப்பதற்கு ஏழு ஆண்டு வரை சிறை உண்டு, வழியை மறிப்பது 126ஆம் பிரிவின் கீழ் குற்றம். புகார் வந்த அன்றே காவல் நிலையம் செய்திருக்க வேண்டிய வேலைக்கு உயர் நீதிமன்றம் வரை போக வேண்டியிருப்பதுதான் இந்த மனுக்கள் பெருகுவதற்கு ஒரு காரணம்.

மற்றொரு காரணத்தைப் பற்றி அதிகம் பேச்சே இல்லை. 5 ஹெக்டேருக்குக் குறைவான, அருகே வேறு குவாரிகளோடு தொகுப்பாக வராத மண் குவாரிக்குச் சுற்றுச்சூழல் அனுமதி வேண்டும், ஆனால் பொதுமக்கள் கருத்துக்கேட்புக் கூட்டம் கட்டாயமில்லை. பட்டா மண் எடுப்புகளில் பெரும்பாலானவை இந்த அளவுக்குள் அடங்கும். சுற்றுச்சூழல் அனுமதியை எதிர்த்துத் தேசியப் பசுமைத் தீர்ப்பாயத்துக்குப் போக 30 நாள், தக்க காரணம் காட்டினால் மேலும் 60 நாள். அனுமதி மாவட்டத் தலைநகரில் கையெழுத்தாகிறது, ஊருக்குத் தெரிவது பொக்லைனைச் சுமந்த லாரி ஊருக்குள் திரும்பும்போது. கெடுவில் பாதி அதற்குள் ஓடியிருக்கலாம். "சட்டப்படி ஆட்சேபிக்க வழியிருக்க ஏன் மறியல்?" என்று நீதிமன்றம் கேட்பது நியாயமான கேள்வி. அந்த வழி இருப்பதை ஊருக்கு யார் சொன்னார்கள் என்பதும் அதே அளவு நியாயமான கேள்வி. ஊர் தன் வாதத்தைச் சொல்லக் கிடைக்கும் முதல் வாய்ப்பே அந்த மறியல்தான் என்று ஆகிவிட்டிருக்கிறது.

2023 நவம்பரில் ஆலப்புழா மாவட்டத்து நூறநாட்டில் நடந்ததை இந்த இடத்தில் நினைவுகூர வேண்டும். பாலமேல் ஊராட்சியின் மட்டப்பள்ளி மலையிலிருந்து தேசிய நெடுஞ்சாலை விரிவாக்கத்துக்காக மண் எடுக்க ஒப்பந்ததாரர் வந்தார், அவர் கையில் உயர் நீதிமன்றத்தின் பாதுகாப்பு ஆணை இருந்தது. மக்கள் திரண்டார்கள், போலீஸ் அவர்களை விலக்க முயன்றது, பெண்கள் இழுத்துச் செல்லப்படும் காட்சி மாநிலம் முழுக்கத் தொலைக்காட்சிகளில் ஓடியது. அதன் பிறகு அமைச்சர் தலைமையில் பேச்சு நடந்தது, மண் எடுப்பு அப்போதைக்கு நின்றது. ஆணை செல்லுபடியாக இருந்தும் ஒரு மலையை அதனால் மட்டும் வெட்டிவிட முடியவில்லை. உரிமையை உறுதி செய்யும் காகிதம் ஊரின் சம்மதத்தை உண்டாக்காது. அதை உண்டாக்கும் வேலை அனுமதி தருவதற்கு முன்பே நடந்திருக்க வேண்டியது.

அதே நெடுஞ்சாலை மண் பற்றி உச்ச நீதிமன்றமும் ஒருமுறை கடிந்துகொண்டது. சாலை, குழாய்ப்பாதை போன்ற நீளவாட்டுத் திட்டங்களுக்கு மண் எடுக்கச் சுற்றுச்சூழல் அனுமதியே தேவையில்லை என்று 2020 மார்ச்சில், பொது முடக்கம் தொடங்கிய வாரத்தில் மத்திய அரசு விலக்கு அளித்திருந்தது. 2024 மார்ச் 21 அன்று நீதிபதிகள் அபய் எஸ். ஓகா, சஞ்சய் கரோல் அமர்வு அந்த விலக்கை ரத்து செய்தது. எவ்வளவு மண், எந்தத் திட்டம் என்ற வரையறையே இல்லாமல், மக்களின் கருத்தையும் கேளாமல் தந்த விலக்கு என்பது காரணம். 2020க்கும் 2024க்கும் இடையில் அந்த விலக்கை நம்பி அள்ளியவர்கள் அன்றைய தேதிக்குச் சட்டப்படியே அள்ளினார்கள். "சட்டம் அனுமதித்த மண் எடுப்பு" என்ற சொற்றொடருக்குத் தேதி போட்டுப் படிக்க வேண்டியிருக்கிறது.

இனி களத்தில் நிற்கும் காவலரைப் பார்ப்போம். அவரிடம் ஆணையின் நகல் இருக்கிறது. "அனுமதியின் நிபந்தனைகளுக்கு உட்பட்டு" என்ற வரியும் அதில் இருக்கிறது. ஒரு ஏக்கர் நிலத்தில் 2 மீட்டர் ஆழம் எடுக்க அனுமதி என்று வைத்துக்கொள்வோம். ஏக்கர் என்பது ஏறத்தாழ 4,047 சதுர மீட்டர். ஒரு மீட்டர் கூடுதலாக இறங்கினால் 4,047 கன மீட்டர் மண். 100 கன அடியை ஒரு யூனிட் என்று கணக்கிட்டால் 1,429 யூனிட். மூன்று யூனிட் டிப்பரில் ஏறத்தாழ 476 லோடு. வெட்டிய மண் உப்பும் என்பதால் உண்மையில் இன்னும் அதிகம். நுழைவாயிலில் நிற்கும் காவலருக்கு 476 லோடும் சட்டப்படியான லோடு போலவே தெரியும். குழியின் விளிம்பில் முளைக்குச்சி அடித்து மட்டம் பார்க்க அவருக்குப் பயிற்சியும் இல்லை, அதிகாரமும் இல்லை. அது கனிமவளத் துறையின், நில அளவையரின் வேலை. அவர்களோ அனுமதி தரும்போது வந்துவிட்டுப் போனவர்கள்.

ஆக, வாசலுக்கு அரசு காவல் போட்டுவிட்டது, குழிக்குப் போடவில்லை. என் பார்வையில் இந்த ஆணைகளின் பெரிய ஓட்டை இது. மண் எடுக்கத் தொடங்குமுன் நில அளவையர் நான்கு மூலையிலும் கல் நட்டு, தொடக்க மட்டத்தைக் குறித்து, இடையில் ஒருமுறை அளந்து அறிக்கை தர வேண்டும் என்ற ஒரு வரியைப் பாதுகாப்பு ஆணையிலேயே சேர்த்தால், ஊர்க்காரரின் பாதிச் சந்தேகம் அடங்கும். நேர்மையான நிலத்துக்காரருக்கு இதில் இழப்பு எதுவும் இல்லை. சொல்லப்போனால் அவரே மனுவில் இதைக் கேட்கலாம். அளவு எடுக்கத் தயாராக வருபவரின் மனுவை எந்த நீதிபதியும் வேறு கண்ணோடுதான் பார்ப்பார்.

காவலருக்கு வேறொரு சங்கடமும் உண்டு. காக்கச் சொன்ன அதே லாரியைப் பிடிக்க வேண்டியவரும் அவர்தான். 1957 சட்டத்தின் குற்றங்களுக்கு அதிகாரம் பெற்ற அதிகாரியின் எழுத்துப்பூர்வப் புகார் வேண்டும் என்றாலும், திருட்டுக் குற்றத்துக்குப் போலீஸ் தனியே வழக்குப் பதியலாம் என்று 2014இல் சஞ்சய் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது. நடைச்சீட்டில் வண்டி எண், புறப்படும் நேரம், போகுமிடம் எல்லாம் இருக்கும். மறியலில் லாரி மணிக்கணக்கில் நின்றால் சீட்டின் நேரம் காலாவதியாகும். பிறகு அந்த லோடை எடுத்துச் சென்றால் அதுவே சட்டமீறல். பாதுகாப்பு கேட்பவரின் அவசரத்தில் பாதி இந்தச் சீட்டின் அவசரம். பணம் முன்கூட்டியே கட்டியாயிற்று, அனுமதிக் காலம் ஓடிக்கொண்டிருக்கிறது, மழை வந்தால் குழி குளமாகும். மறிப்பவர்களுக்கும் இது தெரியும். நான்கு வாரம் இழுத்தால் வழக்கில் தோற்றாலும் காரியத்தில் ஜெயிக்கலாம்.

ஊர்ப் பக்கம் நிற்பவர்களுக்குப் பாதுகாப்பு யார் தருவது என்பதையும் இதே மூச்சில் கேட்க வேண்டும். 2023 ஏப்ரலில் தூத்துக்குடி மாவட்டம் முறப்பநாட்டில், மணல் கடத்தல் பற்றிப் புகார் கொடுத்த கிராம நிர்வாக அலுவலர் தம் அலுவலகத்துக்குள்ளேயே வெட்டிக் கொல்லப்பட்டார். 2025 ஜனவரியில் புதுக்கோட்டை மாவட்டம் திருமயம் பகுதியில், சட்டவிரோதக் குவாரிகளைப் பற்றி அதிகாரிகளிடம் தொடர்ந்து மனு கொடுத்துவந்த ஒருவர் லாரி ஏற்றிக் கொல்லப்பட்டார். குவாரித் தரப்பினர் கைதானார்கள். அனுமதியோடு அள்ளும் பட்டாதாரரை இவர்களோடு சேர்த்துப் பேசுவது அநியாயம்தான். ஆனால் ஆட்சேபிப்பவர் உயிருக்குப் பயந்து வாழும் ஊரில், எதிர்மனுதாரர் நீதிமன்றத்துக்கு வரவில்லை என்பதை வைத்து அவருக்கு ஆட்சேபணை இல்லை என்று முடிவு கட்டிவிடக்கூடாது.

ஆணை கைக்கு வந்த பிறகு நிலத்துக்காரர்கள் தடுக்கி விழும் இடங்கள் சில உண்டு. ஆணை அனுமதியின் ஆயுளோடு கட்டப்பட்டது. அனுமதி முடிந்த மறுநாள் அதற்கு உயிரில்லை. அனுமதி நீட்டிக்கப்பட்டால் பழைய ஆணை தானாக நீளாது, புதிதாகக் கேட்க வேண்டும். இடையில் நிறுத்தச் சொல்லித் துறை குறிப்பாணை கொடுத்தால், பாதுகாப்பு ஆணையைக் காட்டி அதை மீற முடியாது. குறிப்பாணையை எதிர்க்கத் தனி வழி உண்டு. சில ஆணைகளில் காவலுக்கான செலவை மனுதாரரே ஏற்க வேண்டும் என்றும் வரும். போலீஸ் வராமல் போனால் நீதிமன்ற அவமதிப்பு மனு போடலாம், அதற்கு ஓராண்டுக் கெடு. அந்த மனு விசாரணைக்கு வரும் நாளில் அரசு வழக்கறிஞர் முதலில் எடுத்து நீட்டுவது, மனுதாரர் எத்தனை மீட்டர் ஆழம் இறங்கியிருக்கிறார் என்ற அளவீட்டு அறிக்கையாகவும் இருக்கலாம்.